ஓய்வூதியம் – இரக்கமா? உரிமையா?

'கோழி மேய்த்தாலும் கவர்மெண்டில் மேய்க்க வேண்டும்' என்பது நம் இல்லங்களில் வழங்கும் பேச்சு. மாதச் சம்பளத்தை மட்டும் எண்ணி இதைச் சொல்லவில்லை. உடல் தளர்ந்த பின்னும் அடுப்பெரியும் என்ற நம்பிக்கையே இதன் உட்பொருள். ஓய்வு என்ற சொல்லையே அறியாத உழைப்பாளர் குடும்பத்தில் பிறந்த எனக்கு அந்த நம்பிக்கையின் அருமை நன்கு தெரியும்.

மயிலாப்பூரில் எங்கள் தெருவில் ஒரு பெரியவர் இருக்கிறார். அரசு அலுவலகம் ஒன்றில் எழுத்தராகச் சேர்ந்து கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றவர். எனது கல்லூரி விண்ணப்பத்தை நிரப்பித் தந்தவரும் அவரே. ஓய்வுக்குச் சில மாதங்கள் முன்பு அவருக்கு 17(பி) குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்தது. ஆண்டுகள் ஆறு கடந்தும் விசாரணை முடியவில்லை. இடைக்கால ஓய்வூதியம் வருகிறது, பணிக்கொடை வரவில்லை. "குற்றம்னா தண்டிக்கட்டும் தம்பி, இல்லேன்னா விடட்டும். ஒண்ணும் சொல்லாம வச்சிருக்கிறதுதான் தாங்கலை" என்றார் ஒருநாள். அவர் குற்றமற்றவரா என்பதை நான் அறியேன். ஆனால் அறிய வேண்டியவர்கள் இன்னும் அறிந்து சொல்லவில்லையே என்ற கேள்விதான் என்னைச் சட்ட நூல்களின் பக்கம் திருப்பியது.

ஓய்வூதியம் அரசு மனமிரங்கித் தரும் கொடை என்றே முன்னர் பலரும் எண்ணினர். பீகார் கல்வித் துறையைச் சேர்ந்த தேவகிநந்தன் பிரசாத் தொடுத்த வழக்கில், 1971-இல், அது கொடையன்று, உரிமை என்று உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. 1982 டிசம்பர் 17 அன்று நகாரா வழக்கில் ஐந்து நீதிபதிகள் அக்கருத்தை மேலும் உறுதி செய்தனர். அந்நாளே ஓய்வூதியர் நாளாகக் கொண்டாடப்படுகிறது. சட்ட விதியின் துணையின்றி, வெறும் நிர்வாக ஆணையால் ஓய்வூதியத்தை நிறுத்த இயலாது என்று ஜார்க்கண்ட் வழக்கொன்றில் 2013-இல் தீர்ப்பாயிற்று.

அவ்வாறாயின் தவறு செய்தவரைத் தண்டிக்க வழியே இல்லையா? உண்டு. 1978-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளின் 9-ஆம் விதிப்படி, கடுமையான குற்றம் மெய்ப்பிக்கப்பட்டால் ஓய்வூதியத்தை முழுமையாகவோ பகுதியாகவோ நிறுத்தலாம். அரசுக்கு நேர்ந்த இழப்பையும் பிடித்தம் செய்யலாம். மக்கள் பணத்தைக் காக்க இது தேவையே. ஓய்வு பெற்ற பின் புதிதாக நடவடிக்கை தொடங்குவதாயின், நான்கு ஆண்டுகளுக்கு முற்பட்ட நிகழ்ச்சியைக் கிளறக் கூடாது என்றும் அவ்விதி கூறுகிறது.

இங்கேதான் நாம் சிந்திக்க வேண்டும். தொடங்குவதற்கு எல்லை வகுத்த விதி, முடிப்பதற்கு எல்லை வகுக்கவில்லை! நம் நந்தனத்தில் நெடுங்காலம் இயங்கிய வீட்டுவசதி வாரியத்தின் கண்காணிப்புப் பொறியாளர் பி. வி. மகாதேவன் வழக்கு இதற்குச் சான்று. 1990-இல் நடந்ததாகக் கூறப்பட்ட முறைகேட்டுக்கு 2000-இல் குறிப்பாணை தரப்பட்டது. பத்தாண்டுத் தாமதத்துக்குத் தக்க விளக்கம் இல்லை என்று 2005-இல் உச்ச நீதிமன்றம் அதனை ரத்துச் செய்தது. நீண்டுகொண்டே போகும் விசாரணை தரும் மனவேதனை தண்டனையினும் கொடியது என்பது அத்தீர்ப்பின் சாரம். ஆனால் உச்ச நீதிமன்றம் வரை செல்லும் வசதி எத்தனை பேருக்கு உண்டு?

குற்றவாளிகளை மன்னியுங்கள் என்று நான் கேட்கவில்லை. குற்றவாளியா இல்லையா என்று காலத்தில் சொல்லுங்கள் என்றுதான் கேட்கிறேன். தாமதத்தால் நிரபராதி வாடுகிறார். சான்றுகள் மறைந்து குற்றவாளி தப்புகிறார். இருவகையிலும் தோற்பது நீதியே.

நண்பர்களே! நம்மில் பலர் நாளை தேர்வாணையத் தேர்வெழுதி அரசுப் பணியில் அமரப் போகிறவர்கள். ஒருவருடைய முதுமை முழுவதும் அடங்கிய கோப்பு ஒருநாள் நம் மேசைக்கு வரும். அதை நாளைக்குப் பார்க்கலாம் என்று ஒதுக்கி வைக்காமல், அன்றே பிரித்துப் படிப்போமாக!