ஒரே செக்குக்கு இரண்டு முறை பணம்

இன்று நான் செய்த ஒரு தவறைப் பற்றி எழுதுகிறேன்.

எங்கள் தெருமுனை சூப்பர் மார்க்கெட்டில் செல்போன் எண்ணைச் சொன்னால் 100 ரூபாய்க்கு ஒரு பாயிண்ட் ஏறும். ஒரு பாயிண்டுக்கு ஒரு ரூபாய் தள்ளுபடி. போன மாதம் 200 பாயிண்டைக் கழித்துக்கொண்டேன். மீதி இன்னும் 200-க்கு மேல் இருக்க வேண்டும்.

இந்த மாதம் சாமான் வாங்கப் போனபோது பில் போடும் பெண், "7 பாயிண்ட்தான் சார் இருக்கு" என்றாள்.

32 வருடம் பிளஸ் டூ பிள்ளைகளுக்குக் கணக்குப்பதிவியல் நடத்தியவன் நான். விடுவேனா? "என் பாயிண்டை யார் எடுத்தது?" என்று சத்தம் போட்டேன். மேனேஜர் ஓடி வந்து அவளைப் பிடித்துக்கொண்டார். "வேற யாருக்காவது போட்டுக் குடுத்தியா? சம்பளத்துல பிடிச்சுடுவேன்." வரிசையில் நின்ற எல்லோரும் அவளையே பார்த்தார்கள். 19 வயது இருக்கும். தலை நிமிராமல் என் சாமான்களைப் பையில் எடுத்து வைத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை பழைய மாணவன் ஒருவன் வீட்டுக்கு வந்தான். கோயம்புத்தூரில் கடைகளுக்கு சாஃப்ட்வேர் எழுதுகிறான். நடந்ததைச் சொன்னேன். "சார், போன மாசம் வந்த மெசேஜைக் காட்டுங்க" என்றான். அதையெல்லாம் நான் படிப்பதே இல்லை. அவனே தேடி எடுத்தான். 200 பாயிண்ட் கழிக்கப்பட்டது என்று இரண்டு மெசேஜ். இரண்டும் ஒரே நாள், மாலை 6.42.

"நெட் மெதுவா இருந்திருக்கும் சார். பட்டனை அழுத்தியும் பதில் வரலைன்னு அந்தப் பொண்ணு மறுபடி அழுத்தியிருக்கும். தள்ளுபடி ஒரு தடவை, பாயிண்ட் கழிஞ்சது ரெண்டு தடவை."

"அப்போ அவள் தப்புதானே?"

"இல்ல சார், புரோகிராம் தப்பு" என்றவன் விளக்கினான். இந்த வேலைக்கென்றே எழுதிச் சோதித்து வைத்த நிரல் தொகுப்புகள் உண்டாம். லைப்ரரி என்று பெயர். அதை எடுத்து நம் நிரலில் சேர்த்துக்கொள்ளலாம். அமெரிக்காவின் ஸ்கொயர் நிறுவனம் பைத்தான், ஜாவா, பிஎச்பி போன்ற மொழிகளுக்கு இப்படித் தருகிறது. அதில் பாயிண்ட் ஏற்றும் ஒவ்வொரு கோரிக்கைக்கும் ஒரு தனி எண் கொடுக்க வேண்டும். அதே எண்ணோடு கோரிக்கை மறுபடி போனாலும் பாயிண்ட் ஒரு முறைதான் ஏறும்.

எனக்குச் சட்டென்று புரிந்தது. செக் நம்பர்! ஒரே செக்கை இரண்டு முறை நீட்டினாலும் வங்கி ஒரு முறைதானே பணம் தரும்?

"இன்னொண்ணு சார். நல்ல லைப்ரரியில மொத்தத்தை மட்டும் வைக்க மாட்டாங்க. எப்போ ஏறிச்சு, எப்போ கழிஞ்சதுன்னு ஒவ்வொண்ணும் வரியா பதிவாகும்." குறிப்பேடும் பேரேடும் இல்லாமல் இருப்பை மட்டும் எழுதி வைத்த மாணவனுக்கு நான் மார்க் போட்டதே இல்லை. அந்தக் கடையின் திரை மொத்தத்தை மட்டும்தான் காட்டியது. என்ன நடந்தது என்று பார்க்க வழியில்லாத இடத்தில், கவுன்டரில் நிற்பவர் மேல் பழி விழுகிறது.

பாயிண்டை இனாம் என்று நினைக்கிறோம். கணக்கியலில் அது கடை நமக்குத் தர வேண்டிய கடப்பாடு. 2018 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ள இந்தியக் கணக்கியல் தரநிலை 115-இன்படி, அதற்கு உட்பட்ட கம்பெனிகள் விற்பனைத் தொகையில் பாயிண்டுக்குரிய பங்கை உடனே வருமானமாகக் காட்டாமல் ஒத்திவைக்க வேண்டும். கடனுக்குக் கணக்கு எழுதுவது போலவே இதற்கும் எழுத வேண்டாமா?

மறுநாள் கடைக்குப் போய் மேனேஜரிடம் இரண்டு மெசேஜையும் காட்டினேன். சாஃப்ட்வேர் கம்பெனிக்குப் போன் போட்டார். இரண்டு நாளில் பாயிண்ட் திரும்பியது. ஆனால் நான் போனது அதற்காக இல்லை. வரிசையில் ஆள் நிற்கும் நேரமாகப் பார்த்து அந்தப் பெண்ணிடம், "தப்பு என் மேல்தானம்மா, மன்னிச்சுக்கோ" என்று எல்லோரும் கேட்கச் சொன்னேன்.

அவள் கேட்டது ஒன்றுதான். "சம்பளத்துல பிடிக்க மாட்டாங்கல்ல சார்?"

மேனேஜரைப் பார்த்தேன். "பிடிக்கல" என்றார்.

நண்பர்களே, பாயிண்ட் குறைந்தால் முதலில் உங்கள் மெசேஜைப் பாருங்கள். பிறகு கடையில் வரவு செலவு விவரம் கேளுங்கள். பில் போடும் பிள்ளையிடம் சத்தம் போடாதீர்கள். நான் போட்டுவிட்டேன்.