வெள்ளைச் சட்டை, சாம்பல் பேன்ட்: ஜகார்த்தா பள்ளிப் பிள்ளைகள்

ஜகார்த்தாவில் விடிந்தும் விடியாமல் சாலையில் இறங்கிவிடுகிறார்கள் பள்ளிப் பிள்ளைகள். நெரிசலைக் குறைக்க 2009-ல் பள்ளி நேரத்தைக் காலை ஆறரைக்கு மாற்றினார்கள். யார் எந்தப் பள்ளி என்று கேட்கவே வேண்டாம். எல்லாருக்கும் வெள்ளைச் சட்டை. கீழே சிவப்பு என்றால் தொடக்கப்பள்ளி, கருநீலம் என்றால் நடுநிலை, சாம்பல் என்றால் மேல்நிலை. 1982-ல் வந்த இந்த நிறங்கள்தான் நாடு முழுக்க.

ஆசிரியரைக் கண்டால் அவர் கையைப் பிடித்து நெற்றியில் ஒற்றிக்கொள்வது பழக்கம். ஒரு வகுப்பு மேலே படிப்பவரைப் பேர் சொல்லி அழைக்கக் கூடாது, ‘காக்கா’ என்றுதான் சொல்ல வேண்டும். காயல்பட்டினத்துக்காரர்களுக்கு இது ஆச்சரியமாக இருக்காது, அவர்களும் அண்ணனை அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். இந்தோனேசியாவில் அக்காவுக்கும் அதே சொல்.

சீருடை எல்லாரையும் சமமாக்கிவிட்டதா? அங்குதான் ‘கெங்சி’ என்ற சொல் வருகிறது. கௌரவம், வறட்டுப் பெருமை, ‘நாலு பேர் என்ன நினைப்பார்கள்’ எல்லாம் சேர்ந்த சொல் அது. சட்டையில் காட்ட முடியாததை ஷூவில், செல்போனில், பைக்கில் காட்டுகிறார்கள். 17 வயதுக்கு முன் லைசென்ஸ் கிடையாது. பைக் மட்டும் முன்னதாகவே வந்துவிடுகிறது!

கெங்சிக்குப் பணம் இல்லாத பிள்ளைகள் 2022-ல் ஒரு வேலை செய்தார்கள். சிதாயம், போஜோங்கெடே, டெபோக் என்ற புறநகர்களிலிருந்து ரயிலேறி, மத்திய ஜகார்த்தாவின் டூகூ ஆத்தாஸுக்கு வந்தார்கள். டிக்கெட் ஐயாயிரம் ருபியா அளவில்தான். கேட்கப் பெரிதாக இருக்கும், நம் பணத்தில் முப்பது ரூபாய் தேறாது. வானுயர்ந்த அலுவலகக் கட்டடங்களுக்கு நடுவே, சாலையைக் கடக்கும் வெள்ளைக் கோடுகளில், மலிவு விலை உடைகளோடு மாடல்களைப் போல நடந்தார்கள். சிலர் படிப்பைப் பாதியில் விட்டவர்கள். ஊர் கூடியது, ‘சிதாயம் ஃபேஷன் வீக்’ என்று பேரும் வந்தது. அரசியல்வாதிகள் வந்தார்கள். சினிமா, டிவி பிரபலங்கள் வந்தார்கள். ஒரு பிரபலம் அந்தப் பேரைத் தன் நிறுவனத்தின் வணிக முத்திரையாகப் பதியவே விண்ணப்பித்துவிட்டு, எதிர்ப்பு கிளம்பியதும் பின்வாங்கினார். கடைசியில் போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்று போலீஸ் அந்த நடையை நிறுத்தியது. பிள்ளைகள் மறுபடி ரயிலேறினார்கள்.

பெண் பிள்ளைகளுக்கு நெருக்கடி வேறு மாதிரி. 2021 ஜனவரியில், மேற்குச் சுமத்ராவின் படாங் நகரில், ஓர் அரசுத் தொழிற்கல்விப் பள்ளி கிறிஸ்தவ மாணவியையும் தலைமுக்காடு அணியச் சொன்னது. தந்தை பள்ளியில் வாதாடிய வீடியோ நாடெங்கும் பரவியது. அரசுப் பள்ளிகள் மத உடையைக் கட்டாயமாக்கவும் கூடாது, தடுக்கவும் கூடாது என்று மூன்று அமைச்சர்கள் பிப்ரவரியில் கூட்டாக உத்தரவிட்டார்கள். மே மாதமே உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது. முஸ்லிம் மாணவிகளுக்கோ பல இடங்களில் விதியே தேவையில்லை. வகுப்பில் தான் ஒருத்தி மட்டும் முக்காடு இல்லாமல் உட்கார்ந்திருப்பது போதும்.

மூன்று வருடம் முடிந்து தேர்ச்சி அறிவித்த அன்று, அந்த வெள்ளைச் சட்டைக்குத்தான் கொண்டாட்டம். ஸ்ப்ரே பெயின்ட் அடித்து, மார்க்கரால் ஒருவர் முதுகில் ஒருவர் கையெழுத்திட்டு, பைக்கில் ஊர்வலம் போவார்கள். போலீஸ் விரட்டும். பள்ளிகள் தடை போடும். சில பள்ளிகளில் சாயம் படுமுன்பே சீருடைகளைச் சேகரித்து, இல்லாதவர்களுக்குக் கொடுத்துவிடுகிறார்கள். தம்பியோ தங்கையோ உள்ள வீடுகளில் அந்தச் சட்டை இன்னும் மூன்று வருடம் உழைக்க வேண்டும்.