மலை உச்சியில் நாகப்பட்டினத்து வாசல்

ஸ்காட்லாந்தின் வடக்கே வழிகாட்டியோடு ஒரு நாள் தனிக் காரில் சுற்றும் இந்தியப் பயணிக்கு, பேருந்துக் கூட்டம் எட்டிப் பார்க்காத ஓர் உறவு காத்திருக்கிறது.

காலை 9 மணிக்கு இன்வர்னெஸ் நகரத்தின் சுற்றுலாப் பேருந்துகளில் பெரும்பாலானவை ஒரே திசையில் கிளம்புகின்றன. எல்லாம் நெஸ் ஏரிக்கு. 37 கி.மீ. நீளம், சுமார் 230 மீட்டர் ஆழம், கரையில் இடிந்த அர்க்கர்ட் கோட்டை, கடையெங்கும் பச்சை நிற ரப்பர் பூதங்கள். ஏரியில் ஒரு விலங்கு வாழ்கிறது என்ற பரபரப்பு 1933-ல் கிளம்பியது. மறு வருடம் வெளியாகி உலகப் புகழ் பெற்ற புகைப்படம் வெறும் பொம்மை என்பது 1994-ல் அம்பலமானது. நியூசிலாந்தின் ஒடாகோ பல்கலைக்கழக விஞ்ஞானிகள் 2018-ல் ஏரித் தண்ணீரை மொண்டு மரபணுச் சோதனை நடத்தினார்கள். அடுத்த வருடம் வந்த முடிவு: ராட்சத ஊர்வன எதற்கும் தடயம் இல்லை, விலாங்கு மீன் மட்டும் ஏராளம். அதனால் ஒன்றும் கூட்டம் குறைந்துவிடவில்லை.

தனியாக ஒரு காரும் வழிகாட்டியும் அமர்த்திக்கொள்பவர்களுக்கு இந்த வரிசையில் நிற்கிற கட்டாயம் கிடையாது. வண்டி தங்குமிட வாசலுக்கே வரும். பெரும்பாலும் ஓட்டுபவரே வழிகாட்டி. எங்கே நிற்பது, எவ்வளவு நேரம் நிற்பது என்பதெல்லாம் பயணியின் இஷ்டம். கட்டணம் ஒரு நாளைக்குச் சில நூறு பவுண்டுகள். இரண்டு பேருக்கு இது கையைக் கடிக்கும். ஒரே குடும்பத்தில் ஐந்தாறு பேர் என்றால் பரவாயில்லை. ‘நீல பேட்ஜ்’ அணிந்தவர்கள் முறையாகப் பயிற்சி பெற்றுத் தேர்வு எழுதித் தேறியவர்கள். அவர்களுக்கு வரலாறும் தெரியும், ஒற்றையடித் தார்ச் சாலைகளும் தெரியும். நெஸ் ஏரியை விட்டுவிட்டு வடக்கே போகலாம் என்றால் பலர் சந்தோஷப்படவே செய்வார்கள். தினமும் அதே பூதத்தைப் பற்றிப் பேசி அலுத்தவர்கள்.

வடக்கே திரும்புமுன் முதலில் கிழக்கே எட்டு கி.மீ. தள்ளிக் கல்லோடன். பார்ப்பதற்கு ஒன்றுமில்லாத பொட்டல். காற்று, புதர், நடுவே கற்களை அடுக்கிக் கட்டிய ஒரு நினைவு மேடை. 1746 ஏப்ரல் 16 அன்று இங்கே நடந்த சண்டை ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிட்டது. பறிபோன அரியணையை ஸ்டூவர்ட் வம்சத்துக்கு மீட்டுத்தர வந்த இளவரசர் சார்லஸின் படையில் சுமார் 1,500 பேர் மாண்டார்கள். எதிரே அரசுப் படையில் இறந்தது சுமார் 50 பேர். இரு படைகளும் நின்ற வரிசையை இப்போது நீலக் கொடிகளும் சிவப்புக் கொடிகளும் காட்டுகின்றன. குலம் குலமாகப் புதைத்த குழிகளுக்கு மேல் 1881-ல் நட்ட கற்கள் இருக்கின்றன. தங்கள் குலப் பெயரைத் தேடி அமெரிக்காவிலிருந்தும் கனடாவிலிருந்தும் வருகிறவர்கள் அந்தக் கற்களின் முன்னால் பூ வைத்துவிட்டுப் போகிறார்கள்.

தோற்ற பிறகு வந்ததுதான் பெரிய அடி. குலத் தலைவர்களின் அதிகாரம் பறிக்கப்பட்டது. மலைநாட்டு உடையை அணிவதே குற்றம் என்று சட்டம் வந்தது. அதற்கு ஒரே விதிவிலக்கு: ராணுவத்தில் சேர்ந்தால் அணியலாம். நேற்றுவரை அரசரை எதிர்த்தவர்கள் இன்று அரசரின் சிப்பாய்களாகக் கப்பல் ஏறினார்கள். இந்தக் கப்பல்களில் ஒன்று சென்னைக்கு வந்தது.

அந்தக் கதைக்கு உதாரண புருஷர் மக்லியோட் பிரபு. தகப்பனோடு சேர்ந்து கிளர்ச்சியில் இறங்கி, கல்லோடன் சண்டைக்குச் சற்று முன் பிடிபட்டு, மன்னிப்புப் பெற்று, ஸ்வீடன் நாட்டுப் படையில் வேலை பார்த்தவர். 1777-ல் பிரிட்டிஷ் அரசுக்காக மலைநாட்டுப் பட்டாளம் ஒன்றைத் திரட்டினார். 1780 ஜனவரியில் அது சென்னையில் வந்து இறங்கியது. சில மாதங்களிலேயே ஹைதர் அலி கர்நாடகத்துக்குள் பாய்ந்தார்.

கார் இப்போது வடக்கே திரும்புகிறது. 1982-ல் திறந்த கெசாக் பாலத்தைத் தாண்டினால் பார்லி வயல்கள்; அதையடுத்து குரோமார்ட்டி கடற்கழி. கழியின் நடுவே பிரம்மாண்டமான எண்ணெய்த் துரப்பண மேடைகள் இரும்புக் கால்களை ஊன்றி நிற்கின்றன. வட கடலில் வேலை இல்லாதபோது அவற்றை இங்கே கொண்டுவந்து நிறுத்துவார்கள். இன்வர்னெஸிலிருந்து முக்கால் மணி நேரத்துக்குள் இடது பக்கம் ஒரு மலை. அதன் உச்சியில் வானத்தை ஒட்டி ஒரு கல் கட்டடம் நிழலுருவமாகத் தெரிகிறது. கோயில் கோபுரமும் அல்ல, கோட்டையும் அல்ல. வழிகாட்டி அதன் பெயரைச் சொல்லும்போது தமிழ்ப் பயணி நிமிர்ந்து உட்காருவார். அது நாகப்பட்டினத்து வாசல்.

ஃபைரிஷ் மலையின் உயரம் 453 மீட்டர். பைன் மரக் காட்டுக்குள் ஏறிப் போகிற பாதை; போய்வர இரண்டு மணி நேரம் ஒதுக்கினால் போதும். மழை பெய்திருந்தால் சேறு கணுக்காலைப் பிடிக்கும். மேலே கரடுமுரடான கல்லில் நடுவே வளைவுகள், இருபுறமும் தனித்து நிற்கும் தூண்கள். பின்னால் கட்டடம் எதுவுமில்லை. உள்ளே போனால் மறுபடியும் மலைதான். 1782-ல் இதை எழுப்பியவர் இந்த எஸ்டேட்டின் சொந்தக்காரர் சர் ஹெக்டர் மன்ரோ. அதற்கு முந்திய வருடம் டச்சுக்காரர்களிடமிருந்து அவர் தலைமையில் பிடித்த நாகப்பட்டினத்தின் கோட்டை வாயிலை நினைவுபடுத்தவே இந்த வடிவம் என்பார்கள்.

மன்ரோவின் பெயர் இந்திய வரலாற்றில் அதற்கு முன்பே ஏறியிருந்தது. 1764-ல் பக்ஸார் சண்டையில் கம்பெனிக்கு வங்காளத்தை உறுதி செய்தவர். அதே வருடம் கலகம் செய்த சிப்பாய்களைப் பீரங்கி வாயில் கட்டிச் சிதறடித்தவர். ஆனால் 1780 செப்டம்பரில் தமிழ் மண்ணில் அவர் சந்தித்தது பெரிய அவமானம். வடக்கேயிருந்து வந்த கர்னல் வில்லியம் பெய்லியின் படை புள்ளலூரில் ஹைதரிடமும் திப்புவிடமும் சிக்கிக்கொண்டது. சில மைல் தள்ளிக் காஞ்சிபுரத்தில் பெரும்படையோடு இருந்த மன்ரோ போய்ச் சேரவில்லை. செப்டம்பர் 10 அன்று பெய்லியின் படை அழிந்தது. மன்ரோ கனமான பீரங்கிகளைக் காஞ்சிபுரத்துக் கோயில் குளத்தில் தள்ளிவிட்டுச் சென்னைக்குப் பின்வாங்கினார். பிடிபட்ட பெய்லி 1782-ல் ஸ்ரீரங்கப்பட்டணத்துச் சிறையில் இறந்தார். அவருடைய குடும்பம் இன்வர்னெஸ் அருகே டுனெய்னைச் சேர்ந்தது. அதாவது காலையில் கார் கிளம்பிய ஊருக்குப் பக்கம். மக்லியோட் பிரபுவின் மலைநாட்டுச் சிப்பாய்கள் பலரும் அந்தச் சண்டையில் விழுந்தார்கள்.

மலை மேல் புள்ளலூருக்கு நினைவுச் சின்னம் கிடையாது. நாகப்பட்டினத்துக்கு மட்டும் உண்டு. ஜெயித்ததைத்தானே கல்லில் கட்டுவார்கள்.

இந்த வாசலைப் பற்றி ஊரில் வழங்குகிற கதை வேறு. வேலையில்லாமல் கஷ்டப்பட்ட மக்களுக்குக் கூலி கொடுக்கவே மன்ரோ இதைக் கட்டினாராம். மேலே ஏற்றிய கற்களை ராத்திரியில் அவரே கீழே உருட்டிவிட்டு, மறுநாள் அதே கற்களை ஏற்றுவதற்கு மறுபடியும் கூலி கொடுத்தாராம். கதை உண்மையோ பொய்யோ, வழிகாட்டிகள் இதைச் சொல்லாமல் விடுவதில்லை. தர்மப் பிரபுவின் கதையாக அது காதுக்கு இதமாக இருக்கிறது. அந்த மக்கள் ஏன் வேலையில்லாமல் இருந்தார்கள் என்று கேட்டால்தான் பேச்சு சூடு பிடிக்கும்.

மன்ரோ குடும்பத்துக்கு இந்தியா வேறொன்றையும் வைத்திருந்தது. 1792 டிசம்பரில் வங்காளத்தின் சாகர் தீவில் அவருடைய மகன் ஒருவரைப் புலி அடித்துக் கொன்றது. வெள்ளைக்காரச் சிப்பாயின் மேல் பாய்ந்து குரல்வளையைக் கவ்வும் திப்பு சுல்தானின் மரப் புலிப் பொம்மைக்கு அந்தச் சம்பவமே தூண்டுதல் என்று பல ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். பொம்மை இப்போது லண்டனின் விக்டோரியா ஆல்பர்ட் மியூசியத்தில் இருக்கிறது.

கீழே இறங்கியதும் அல்னஸ் ஊர். 1839-லிருந்து விஸ்கி காய்ச்சும் டால்மோர் ஆலை இங்கேதான். ஸ்காட்லாந்தில் குடித்துவிட்டு ஓட்டுவோருக்கான வரம்பு 2014-ல் இன்னும் கடுமையாக்கப்பட்டது. இங்கிலாந்தைவிட இங்கே அளவு குறைவு. இந்திய ஓட்டுநர் உரிமத்தை வைத்து ஓராண்டு வரை காரோட்டலாம், இடது பக்கப் பழக்கமும் நமக்கு உண்டு. ஆனால் ஆலை வாசலில் ஒரு மடக்கு ருசி பார்க்க நினைப்பவருக்கு வேறொருவர் ஓட்டுவதே நல்லது.

அல்னஸிலிருந்து ஸ்ட்ரூய் குன்றுகள் மேல் ஏறும் பழைய சாலையில் போனால் ஒரு திருப்பத்தில் டோர்னாக் கடற்கழி முழுசாக விரிகிறது. எல்லா வண்டிகளும் அங்கே நிற்கும்; எல்லா காமிராக்களும் வெளியே வரும். ஊதா நிற ஹீதர் புதர், பழுப்பு மலை, அடுக்கடுக்காக மேகம். கண்ணுக்கெட்டிய தூரம்வரை ஒரு வீடு இல்லை. இயற்கை இப்படியே படைத்துவிட்டது என்றே யாருக்கும் தோன்றும். வழிகாட்டி நல்லவராக இருந்தால் அந்த எண்ணத்தோடு பயணியைத் திருப்பி அனுப்ப மாட்டார். கார்ரன் ஆற்றங்கரையில் ஒரு வண்டி மட்டுமே போகக்கூடிய பாதையில் க்ரோய்க் என்ற இடத்துக்குக் கூட்டிப் போவார்.

அங்கே இருப்பது சின்ன மாதா கோயில் ஒன்று. 1827-ல் கட்டியது. அதன் கிழக்கு ஜன்னலில் சின்னச் சின்னச் சாய்சதுரக் கண்ணாடிகள். உற்றுப் பார்த்தால் ஊசி முனையால் கீறியதுபோல் எழுத்துகள். வெளிப்பக்கமிருந்து கீறியவை. 1845 மே மாதம் பக்கத்துப் பள்ளத்தாக்கான க்ளென்கால்வியிலிருந்து 18 குடும்பங்கள், சுமார் 90 பேர் துரத்தப்பட்டார்கள். நிலம் ஆடு வளர்க்க வேண்டும் என்று சொந்தக்காரருக்குத் தேவைப்பட்டது. போக இடமில்லாத மக்கள் இந்தக் கோயில் முற்றத்தில், கல்லறைகளுக்கு நடுவே, போர்வையையும் தார்ப்பாயையும் கூடாரமாகக் கட்டித் தங்கினார்கள். கோயிலுக்குள்ளே போகவில்லை. தங்கள் பெயரையும், தாங்கள் இங்கே வந்து ஒண்டியதையும் கண்ணாடியில் எழுதினார்கள். தங்களையே பாவப்பட்ட தலைமுறை என்று ஒருவர் எழுதியிருக்கிறார். துரத்தியவர்களை யாரும் திட்டி எழுதவில்லை. லண்டன் டைம்ஸ் பத்திரிகையின் நிருபர் நேரில் வந்து பார்த்து எழுதியதால் சேதி வெளியே தெரிந்தது.

இது ஒரு பள்ளத்தாக்கின் கதை மட்டும் என்றால் விட்டுவிடலாம். பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து நூறு வருடம் போல மலைநாடு முழுக்க நடந்தது இதுதான். குலத் தலைவராக இருந்தவர் நில உடைமையாளர் ஆனார். குலத்து ஆட்களைவிட ஆடு லாபம் தந்தது. 1792-ல் ஃபைரிஷ் மலைக்குப் பின்னால் உள்ள பள்ளத்தாக்குகளிலிருந்து மக்கள் ஒன்று திரண்டு ஆயிரக்கணக்கான ஆடுகளை ஓட்டிச் சென்றார்கள். ராணுவம் வந்து அடக்கியது. அதை இன்றும் ‘ஆடுகளின் ஆண்டு’ என்கிறார்கள். வெளியேறியவர்களில் பலர் கடற்கரைத் துண்டு நிலங்களுக்கும், கிளாஸ்கோ ஆலைகளுக்கும், கனடாவுக்கும் போனார்கள். பலர் பட்டாளத்துக்குப் போனார்கள். எஞ்சியிருந்த குடியானவர்களைக் காரணமின்றி வெளியேற்ற முடியாது என்ற பாதுகாப்பு 1886-ல்தான் சட்டமானது.

ஆக, தபால் அட்டையில் அழகாக இருக்கும் வெறுமை மனிதர்கள் உண்டாக்கியது. இடிந்த வீடுகளின் அடித்தளக் கற்கள் புல்லுக்குள் இன்னும் கிடக்கின்றன. அவற்றின் நடுவே நடந்து பார்க்க யாரையும் அனுமதி கேட்க வேண்டாம். பயிருக்கும் கால்நடைக்கும் பிறர் தனிமைக்கும் பாதகமில்லாமல் யார் நிலத்திலும் நடந்துபோகலாம் என்று 2003-ம் வருடச் சட்டம் உரிமை கொடுத்திருக்கிறது.

மக்களோடு மொழியும் ஒதுங்கியது. மலைப் பெயர்களும் ஏரிப் பெயர்களும் கேலிக் மொழியில் இருக்கின்றன. பேசத் தெரிந்தவர்கள் 2022 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி சுமார் 70,000 பேர்தான். சாலைப் பலகைகளில் இரண்டு மொழி. 2025-ல் ஸ்காட்லாந்து நாடாளுமன்றம் கேலிக்குக்கும் ஸ்காட்ஸுக்கும் ஆட்சிமொழித் தகுதி தரும் சட்டத்தை நிறைவேற்றியது. க்ரோய்க் ஜன்னலில் கேலிக் பேசிய மக்கள் ஆங்கிலத்தில் எழுதியிருப்பது பார்க்கிற பலருக்கும் உறுத்தல்.

இந்தியச் சினிமாவுக்கு ஸ்காட்லாந்து பழகிய இடம். ‘குச் குச் ஹோத்தா ஹை’ (1998), ‘கண்டுகொண்டேன் கண்டுகொண்டேன்’ (2000) இரண்டின் பாடல்களும் இங்கே படமாயின. மேற்குக் கரையின் எய்லீன் டோனன் கோட்டையைக் கேட்டு வருகிற இந்தியக் குடும்பங்கள் உண்டு. அதற்கு வேறொரு நாளை ஒதுக்க வேண்டும். இந்த வடக்குப் பாதையோடு சேர்த்தால் இரண்டுமே அரைகுறையாகிவிடும்.

போக நினைப்பவர்களுக்குச் சில விஷயங்கள். ஜூன் மாதம் இரவு பத்து மணிக்கும் வெளிச்சம் இருக்கும். டிசம்பரில் மாலை மூன்றரை மணிக்கே பொழுது சாய்ந்துவிடும், மலையேறுவது கஷ்டம். கோடையில் ‘மிட்ஜ்’ என்னும் பொடிக் கொசுக்கள் காற்றில்லாத நேரத்தில் மொய்க்கும். எந்த மாதமானாலும் மழைக் கோட்டு அவசியம். முன்பதிவு செய்யும்போதே கல்லோடன், ஃபைரிஷ், க்ரோய்க் என்று மூன்று பெயர்களையும் எழுதிக் கொடுத்துவிட வேண்டும். கேட்காவிட்டால் கார் தானாகவே நெஸ் ஏரிக்குப் போய்விடும். க்ரோய்க் கோயிலில் டிக்கெட் கிடையாது, கடை கிடையாது. ஜன்னல் எழுத்துகள் மங்கலானவை. வெளிச்சம் பக்கவாட்டில் விழும்போது நின்று நிதானமாகப் பார்த்தால் ஒவ்வொரு பெயராகத் தெரியவரும்.