தடுத்தவருக்கு மாலை உண்டா?

கொல்லிமலை என்றதும் உங்களுக்கு யார் நினைவு வரும்? எழுபது கொண்டை ஊசி வளைவுகளையும், பலாவையும் அன்னாசியையும் ஒரு பக்கம் வையுங்கள். ஆள் என்று கேட்டால் வல்வில் ஓரியைத்தான் சொல்வீர்கள். ஒரே அம்பினால் யானை, புலி, மான், பன்றி, உடும்பு என்று ஐந்தையும் துளைத்த வீரன் அல்லவா! செம்மேட்டில் அவனுக்குச் சிலை உண்டு. ஆடியில் விழா எடுக்கிறார்கள். எய்தவனுக்கு ஊர் மாலை போடுகிறது. சரி, தடுத்தவனை யார் நினைக்கிறார்கள்?

இந்தக் கேள்வி அந்த மலையில்தான் எனக்கு உதித்தது. பள்ளி விட்ட வேளையில் பையன்கள் கால்பந்து ஆடிக் கொண்டிருந்தார்கள். இரண்டு கற்களுக்கு நடுவே ஓர் ஒல்லிப் பையனை நிறுத்தியிருந்தார்கள். பத்துப் பந்துகளைப் பிடித்திருப்பான். ஒருவரும் "சபாஷ்" என்று சொல்லவில்லை. ஒன்று கை நழுவிற்று. "எல்லாம் உன்னாலேதாண்டா!" என்று அத்தனை பேரும் அவன்மேல் பாய்ந்தார்கள். கண் கலங்கி நின்றவனைக் கூப்பிட்டுப் பீட்டர் தங்கராஜின் கதையைச் சொன்னேன். உங்களுக்கும் சொல்கிறேன்.

தங்கராஜ் 1935-ல் ஹைதராபாத்தில் பிறந்தவர். 1953-ல் நீலகிரி வெலிங்டனிலுள்ள மதராஸ் ரெஜிமெண்ட் நிலையத்தில் சேர்ந்தார். அந்தக் காலத்தில் பந்தை மட்டும் நம்பினால் வீட்டில் அடுப்பு எரியாது. ராணுவமோ ரயில்வேயோதான் ஆட்டக்காரருக்குச் சோறு போட்டது. அவரும் முதலில் கோல் போடுகிற முன்வரிசைக்காரர்தான். பிறகே கோல் காக்க வந்தார். ஆறடிக்கு மேல் உயரம்! 1955-லும் 1958-லும் அவருடைய ராணுவக் குழு டுராண்ட் கோப்பையை வென்றது. மெல்போர்ன், ரோம் என்று இரண்டு ஒலிம்பிக் பந்தயங்களுக்குப் போய் வந்தார். கல்கத்தாவின் மூன்று பெரிய கிளப்புகளுக்கும் ஆடினார். 1967-ல் அர்ஜுனா விருது கிடைத்தது. 2008-ல் காலமானார்.

ஆனால் என் மனத்தைத் தொட்டது 1962-ம் ஆண்டு ஜகார்த்தா ஆசியப் பந்தயம். அங்கே தங்கராஜ் காய்ச்சலில் படுத்துவிட்டார். அவருக்குப் பதிலாகப் பிரத்யுத் பர்மன் கோல் காத்தார். தென் கொரியாவுடன் இறுதி ஆட்டம் வந்தது. பயிற்சியாளர் ரஹீம், உடம்பு தேறி எழுந்த தங்கராஜையே மறுபடி நிறுத்தினார். இந்தியா இரண்டுக்கு ஒன்று என்று ஜயித்துத் தங்கம் பெற்றது. கோல் போட்ட பானர்ஜியையும், தலைக்காயத்தோடு ஆடிய ஜர்னயில் சிங்கையும் தேசமே கொண்டாடியது. நியாயந்தான். காய்ச்சலிலிருந்து எழுந்து வந்து கோல் காத்தவரைப் பற்றி அவ்வளவு பேச்சில்லை. இடத்தை விட்டுக் கொடுத்து ஓரமாக உட்கார்ந்த பர்மனைப் பற்றியோ கேட்கவே வேண்டாம். முன்வரிசையில் நாலைந்து பேருக்கு இடம் உண்டு, கோலில் ஒருவருக்குத்தான். இன்னொருவர் எத்தனை கெட்டிக்காரரானாலும் காத்திருக்க வேண்டியதுதான்.

இந்த உத்தியோகம் நமக்குப் புதிதா என்ன? வருஷம் முழுதும் குழம்பு ருசியாக இருந்தால் பேச்சில்லை. ஒரு நாள் உப்புக் கூடினால் வீடே பேசும்!

ஆகையால், "அம்மா, என்னைக் கோலில் நிறுத்திவிட்டார்கள்" என்று உங்கள் பிள்ளை முகம் வாடி வந்தால், எத்தனை கோல் விட்டாய் என்று கேட்காதீர்கள். எத்தனை பிடித்தாய் என்று கேளுங்கள். அந்தக் கணக்கை வேறு யாரும் வைத்திருக்க மாட்டார்கள்.