பறக்கும் வாத்து ஆர்க்கிட் வாழும் புதர்வெளி

சிட்னி நகருக்குத் தெற்கே, போர்ட் ஹாக்கிங் கழிமுகத்தின் மறுகரையில் தொடங்கும் ராயல் தேசியப் பூங்கா, 1879-இல் அமைக்கப்பட்டு, உலகின் மிகப் பழைய தேசியப் பூங்காக்களுள் ஒன்றாக நிலைபெற்றுள்ளது. அதன் கடலோர மேட்டில், மணற்கல் பாறைமீது படிந்த மெல்லிய மணலில், ஹீத் எனப்படும் குறும்புதர்வெளி பரந்து கிடக்கிறது. பாஸ்பரசும் நைட்ரஜனும் மிகக் குறைந்த மண், உப்பைச் சுமந்து வரும் காற்று, அவ்வப்போது பரவும் காட்டுத்தீ ஆகியவை மரங்களை ஓங்கவிடாமல் தடுப்பதால், பாங்க்சியா, ஹேக்கியா, புல்மரம் முதலியன இடுப்பளவிலேயே நெருங்கி வளர்கின்றன. அவற்றின் இடைவெளிகளில், பழகாத கண்ணுக்கு எளிதில் புலப்படாத தரை ஆர்க்கிட், அதாவது மரக்கிளையைப் பற்றாமல் நிலத்தில் வேரூன்றும் ஆர்க்கிட், ஒன்று பூக்கிறது. கேலியானா மேஜர் என்பது அதன் அறிவியல் பெயர். வழக்கில் அது பறக்கும் வாத்து ஆர்க்கிட் எனப்படுகிறது.

செப்டம்பர் முதல் சனவரி வரையான மாதங்களில் இவ்வெளிக்கு வரும் பயணி, பூவைத் தேடுவதற்கு முன் மெல்லிய செந்நிறத் தண்டைத் தேடுவது நல்லது. அடியில் ஒரே ஓர் ஒடுங்கிய இலையும், உச்சியில் சில பூக்களும் மட்டுமே கொண்ட அத்தண்டு, சருகுகளின் நிறத்தோடு கலந்துவிடுகிறது. ஏறத்தாழ 2 செ.மீ. அளவே உள்ள செம்பழுப்புப் பூவைக் குனிந்து பார்க்கும்போதுதான் அதன் அமைப்பு விளங்கும். பெரும்பாலான ஆர்க்கிட்களில் கீழ்நோக்கி அமையும் உதட்டிதழ், அதாவது பிற இதழ்களினின்று வேறுபட்டுப் பூச்சியை ஈர்க்கும் சிறப்பிதழ், இங்கே மேலே உயர்ந்து வாத்தின் தலையாகவும், அதைத் தாங்கும் வளைந்த பட்டை கழுத்தாகவும், ஆண் பெண் உறுப்புகள் இணைந்து உருவான அகன்ற கிண்ணம் உடலாகவும் தோன்றுகின்றன. ஒடுங்கிய ஏனைய இதழ்கள் பின்னோக்கி விரிந்து சிறகுகளாகின்றன.

மனிதக் கண்ணுக்கு வாத்தாகத் தெரியும் அவ்வுதட்டிதழ், குளவிகளுக்கு உறவான ரம்பப்பூச்சியின் ஆணுக்குப் பெண்பூச்சியாகப் புலப்படுகிறது. இணை தேடி ஆண்பூச்சி அதன்மீது அமர்ந்ததும், தொடுவுணர்வுள்ள கழுத்துப் பட்டை சட்டென மடங்கிப் பூச்சியைக் கிண்ணத்துக்குள் தள்ளுகிறது. வெளியேற முயலும் பூச்சியின் உடலில், பொல்லினியம் எனப்படும் மகரந்தத் திரள் ஒட்டிக்கொள்கிறது. அப்பூச்சி மீண்டும் ஏமாந்து வேறொரு பூவில் அமர்ந்தால் மகரந்தச் சேர்க்கை நிகழ்கிறது. சிறிது நேரத்தில் பட்டை நிமிர்ந்து, பூ அடுத்த வருகைக்கு ஆயத்தமாகிறது. சற்றே ஒத்த பொறியுடைய மேற்கு ஆஸ்திரேலியச் சுத்தியல் ஆர்க்கிட்டில் குளவியின் சொந்த விசையே கீலை இயக்க, இங்கே செடியே அசைகிறது என்பது வியந்து போற்றத்தக்க வேறுபாடு. ஆண்பூச்சிகளை இவ்வாறு மயக்கும் ஆர்க்கிட்களை ஆஸ்திரேலியாவில் முதன்முதலில் தெளிவுபடுத்தியவர், 1927-இல் வேறோர் ஆர்க்கிட் இனத்தை ஆராய்ந்து எழுதிய ஈடித் கோல்மன் ஆவார்.

இச்செடியின் தூள் போன்ற விதைகளில் முளைக்குத் தேவையான உணவுச் சேமிப்பு இல்லாததால், மண்ணிலுள்ள குறிப்பிட்ட பூஞ்சை உட்புகுந்து ஊட்டமளித்தால்தான் அவை முளைக்கின்றன; வளர்ந்த பின்னும் அந்த உறவு தொடர்கிறது. எனவே கிழங்கோடு பெயர்த்துத் தொட்டியில் நட்டவை பெரும்பாலும் நலிந்து மடிகின்றன. வளமற்ற அந்த மணலும் பூஞ்சையும் ரம்பப்பூச்சியும் ஒருங்கே இருக்கும் இடத்துக்கு மனிதர் போய்ப் பார்ப்பதே முறை. இச்செடியை வீட்டுக்குக் கொண்டுவர விரும்புவது அதை அழிக்க விரும்புவதற்கு ஒப்பாகும்.

தாவரவியலாளர் ராபர்ட் பிரவுன் 1810-இல் இவ்வினத்தை விவரித்தபோது, இயற்கையியலாளர் ஜோசப் பாங்க்ஸுக்காகச் செடிகள் திரட்டிய ஜார்ஜ் கேலியின் பெயரைப் பேரினத்துக்குச் சூட்டினார். 1803 செப்டம்பரில் முதல் மாதிரி எடுக்கப்பட்ட பென்னலாங் முனையில் இன்று சிட்னி ஓபரா மாளிகை நிற்கிறது. அங்கே அழிந்த புதர்நிலத்தின் இயல்பை அறிய விரும்புவோர் இப்பூங்காவுக்கே வரவேண்டியுள்ளது. சிட்னித் தமிழர் பலர் வழிபடச் செல்லும் ஹெலன்ஸ்பர்க் வெங்கடேசுவரர் கோயில் இப்பூங்காவுக்கு அருகிலேயே உள்ளது; அப்பயணத்தோடு இதையும் இணைத்துக்கொண்டால் அவர்கள் வாழும் மண்ணின் இயல்பை நெருங்கி அறியலாம்.

1994 சனவரித் தீயில் பூங்காவின் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் கருகியபோதும், நிலத்தடிக் கிழங்குகளாலும் விதைகளாலும் புதர்வெளி மீண்டெழுந்தது. ஆனால் காலணியில் ஒட்டும் ஈரமண்ணோடு பரவி வேர்களை அழுகச் செய்யும் பைட்டாப்தோரா என்னும் நுண்ணுயிரைத் தாங்க அதன் செடிகள் பலவற்றால் இயலாது. ஆதலால் கிரொனல்லாவிலிருந்து படகில் பண்டீனாவுக்கு வந்து, ஆட்ஃபர்ட் வரை 26 கி.மீ. நீளும் கடலோரப் பாதையில் நடப்பவர், புறப்படுமுன் காலணியைத் தேய்த்துக் கழுவி, பாதையை விட்டு இறங்காமல், அதன் ஓரத்திலேயே குனிந்து தேட வேண்டும்.