பாஸ்டன் பானையில் ஒரு சனிக்கிழமை

அமெரிக்காவின் பாஸ்டன் நகரத்துக்குச் செல்லப் பெயர் 'பீன் டவுன்'. திண்டுக்கல்லுக்குப் பூட்டு, மணப்பாறைக்கு முறுக்கு மாதிரி பாஸ்டனுக்கு பீன்ஸ்! பச்சையாக, நீளமாக இருக்குமே, அது இல்லை சார். பட்டாணி சைஸில் வெள்ளை வெளேரென்று காய்ந்த விதை. பெயர் 'நேவி பீன்'. 1993-ல் மாசசூசெட்ஸ் மாநிலம் இதை அதிகாரபூர்வ மாநில பீன்ஸாகவே அறிவித்துவிட்டது!

ஆபீஸ் வேலையாக அங்கே ஆறு வாரம். தங்கியது ஒரு பாட்டியம்மா வீட்டு மாடி அறையில். வயது எண்பதுக்கு மேல். முதல் வெள்ளிக்கிழமை ராத்திரியே, "நாளைக்கு சாயங்காலம் வீட்ல இருப்பீங்க இல்லே? சனிக்கிழமைன்னா இந்த வீட்ல பீன்ஸ்" என்றார்.

"அதுல என்னவெல்லாம் போடுவீங்க மேடம்?"

"வெஜிடபிள் சைடு டிஷ்தான். பீன்ஸ், வெங்காயம், கடுகுப் பொடி, மொலாசஸ்... அப்புறம் பேக்கன்."

பேக்கன் என்றால் உப்பில் ஊறவைத்துப் புகை காட்டிய பன்றி இறைச்சி. நாம் பொரியலில் தேங்காய்ப்பூ தூவுகிற மாதிரி அத்தனை சாதாரணமாகச் சொன்னார்! நான் சைவம் என்றேன். "பேக்கன் இல்லாமலா?" என்று ஒரு நிமிஷம் யோசித்தார். அப்புறம் அலமாரிக்குள் கைவிட்டு, பெரிய பானைக்குப் பக்கத்தில் ஒரு குட்டிப் பானையையும் எடுத்து வைத்தார்.

அதென்ன சனிக்கிழமைக் கணக்கு? 17-ம் நூற்றாண்டில் இங்கே குடியேறிய பியூரிட்டன் கிறிஸ்தவர்களுக்கு சனி அஸ்தமனத்தில் ஓய்வு நாள் ஆரம்பம். ஞாயிறு அஸ்தமனம் வரை சமையல் கூடாது. அதனால் சனிக்கிழமை பகலெல்லாம் பானை அடுப்பில் கிடக்கும். ராத்திரி சூடாகச் சாப்பாடு, மறுநாளைக்கு மிச்சம். நம்ம சுண்டக் குழம்பு தத்துவம்தான்!

காலையில் பாட்டி, ராத்திரி ஊறிய பீன்ஸை வேகவைத்து, கரண்டியில் நாலு எடுத்து 'ஃபூ' என்று ஊதினார். தோல் உரிந்து சுருண்டது. "இதுதான் பதம்" என்றார். குறுகிய வாய், தொந்தி வயிறு கொண்ட பானையில் அடியில் வெங்காயம், மேலே பீன்ஸ், பேக்கன் துண்டுகள். மொலாசஸையும் கடுகுப் பொடியையும் வெந்நீரில் கரைத்து ஊற்றி மூடினார். குட்டிப் பானையில் பேக்கனுக்குப் பதில் வெண்ணெய். அவனில் இளஞ்சூட்டில் ஏழு மணி நேரம்! மொலாசஸில் உள்ள புளிப்பும் கால்சியமும் பீன்ஸ் கரையாமல் இழுத்துப் பிடிக்குமாம். அதனால்தான் கூழாவதில்லை.

மொலாசஸ் என்பது சர்க்கரை காய்ச்சியபின் மிஞ்சும் கறுப்புப் பாகு. கரீபியன் தீவுகளில் அடிமைகள் வெட்டிய கரும்பிலிருந்து அந்தக் காலத்தில் கப்பல் கப்பலாக இங்கே வந்து, ரம்மாகவும் காய்ச்சப்பட்டது. தித்திப்புக்குப் பின்னால் அத்தனை கசப்பு.

பானை அடுப்பில் கிடக்க, நான் நார்த் எண்ட் பகுதிக்குப் போனேன். கமர்ஷியல் தெரு ஓரம் ஒரு சின்னப் பலகை. 1919 ஜனவரி 15-ம் தேதி, இங்கே 50 அடி உயர மொலாசஸ் தொட்டி வெடித்தது. சுமார் 23 லட்சம் காலன் பாகு அலையாகப் பாய்ந்து 21 பேரைக் கொன்றது. தொட்டி ஆரம்பத்திலிருந்தே ஒழுகியது. கம்பெனி செய்த ரிப்பேர் என்ன தெரியுமோ? ஒழுகல் தெரியாமலிருக்க பிரவுன் பெயிண்ட்! 'யாரோ குண்டு வைத்துவிட்டார்கள்' என்று கோர்ட்டில் வேறு சாதித்தார்கள். எடுபடவில்லை.

திரும்பி வந்தபோது தெருமுனையிலேயே வாசனை. குட்டிப் பானையில் பீன்ஸ் பழுப்பேறி, இனிப்பும் காரமுமாக... அடேயப்பா!

பெரிய பானை ஆறு பேருக்குக் காணும். வீட்டிலோ பாட்டி ஒருத்தர். "அவர் போயாச்சு. பிள்ளைங்களும் தூர தூரமா. கை மட்டும் இன்னும் பழைய அளவே அளக்குது" என்றார். மிச்சம் டப்பாக்களில் அக்கம்பக்கத்து வீடுகளுக்குப் போகும்.

ஆறு சனிக்கிழமையும் இரண்டு பானைகளும் ஏறின. ஊருக்குக் கிளம்பும் அன்று குட்டிப் பானையைத் துடைத்து அலமாரிக்குள் வைக்கப் போனேன்.

"உள்ளே வேண்டாம். மேடையிலேயே இருக்கட்டும்" என்றார் பாட்டி. "ஒரு ஆளுக்கு அதுதான் சரியான அளவு. பேக்கன் இல்லேன்னா என் டாக்டரும் சந்தோஷப்படுவார்!"