முதுகுத் தழும்பு

பார்த்த படத்தை நினைத்து ஏங்குவது எல்லோருக்கும் உள்ளதுதான். எனக்கோ அழிந்தே போன ஒரு படத்தின் மேல் ஏக்கம். அகஸ்தீஸ்வரத்துக்காரரான ஜே.சி. டேனியல், நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் எடுத்த ‘விகதகுமாரன்’. வெளியானது 1928ஆ, 1930ஆ என்று இன்னமும் வழக்கு ஓயவில்லை. மலையாளத்தின் முதல் படம் என்பார்கள். பேசாத படத்துக்கு ஏது மொழி!

கதை கேள்விப்பட்டதுதான். திருவிதாங்கூர்ப் பணக்கார வீட்டுப் பையன் சந்திரகுமாரனைப் பூதநாதன் என்ற வில்லன் இலங்கைக்குக் கடத்திப் போகிறான். பையன் தோட்டத்தில் கூலியாக வளர்ந்து, துரைக்குப் பிடித்துப்போய், பெரிய ஆளாகிறான். அங்கே வரும் ஜெயச்சந்திரன் என்பவனும் பூதநாதனிடம் எல்லாவற்றையும் பறிகொடுத்துவிட்டு நடுத்தெருவில் நிற்கிறான். இருவரும் நண்பர்களாகி ஊர் திரும்ப, அங்கே சரோஜினி என்ற பெண்ணுக்கு ஜெயச்சந்திரன் மேல் காதல். வில்லன் அவளையும் கடத்தப் பார்க்கிறான். இருவரும் துரத்திப் போய் மீட்கிறார்கள். கடைசியில் முதுகுத் தழும்பு காட்டிக்கொடுக்கிறது: சந்திரகுமாரன் அவளுக்கு அண்ணன்! இதே தழும்பை வைத்து நம் ஆட்கள் பிறகு எத்தனை படம் ஓட்டினார்கள். ஆனாலும் அந்த முதல் தழும்பைப் பார்க்க வேண்டும் போலிருக்கிறது.

அதைவிட, சரோஜினியாக நடித்த ரோசியை. தலித் பெண், நாயர் வீட்டுப் பெண்ணாகத் திரையில் வந்தார். அவர் தலையில் இருந்த பூவைக் கதாநாயகன் முத்தமிடும் காட்சி வந்ததும் கேப்பிட்டல் கொட்டகையில் கல் பறந்தது என்பார்கள். கதாநாயகன் டேனியலேதான். படத்தில் ரோசியைத் துரத்தியவன் ஒருவன். வெளியே துரத்தியது ஊர். லாரியில் தப்பி நாகர்கோவில் பக்கம் ராஜம்மாளாக வாழ்ந்தார் என்கிறார்கள். நடித்தது அந்த ஒரே படம்.

டேனியல் கடனாளியாகிப் பல் வைத்தியரானார். மிஞ்சிய சுருளை வீட்டுப் பிள்ளை விளையாட்டாகக் கொளுத்திவிட்டதாகச் சொல்வார்கள். நம்பலாம், அந்தக் காலத்து நைட்ரேட் சுருள் பொறி பட்டாலே பற்றிக்கொள்ளும். 1975இல் அவர் இறந்தார். கேரள அரசு அவர் பெயரில் விருது தரத் தொடங்கியது 1992இல்.

நாகர்கோவில் சுந்தர்ராஜ் தயாரித்த ‘மார்த்தாண்ட வர்மா’ என்ற பழைய படம் பதிப்புரிமை வழக்கில் பறிமுதலானதால், பத்திரமாகக் கிடந்து, 1974இல் புனே திரைப்படக் காப்பகத்துக்குக் கிடைத்தது. அதுபோல இதற்கும் ஒரு பிரதி எங்கேனும் இருக்கலாம். குமரிப் பக்கத்துப் பழைய வீட்டுக்காரர்களே, பரணில் துருப்பிடித்த வட்டத் தகர டப்பா கண்ணில் பட்டால் காயலான் கடைக்குப் போட்டுவிடாதீர்கள். விளக்கருகே திறக்காமல் புனேக்கு ஒரு கடிதம் போடுங்கள்.